ஆளைக் கொண்டு வா

பிறந்தபோது அதற்கும் விடுதலைக்கும் சம்பந்தம் இல்லை. பதின்மூன்றாம் நூற்றாண்டு இங்கிலாந்தில் ‘ஹேபியஸ் கார்ப்பஸ்’ என்ற லத்தீன் சொற்களோடு நீதிமன்றத்திலிருந்து கிளம்பிய கட்டளை, வழக்குக்கு வராமல் டிமிக்கி கொடுப்பவனைப் பிடித்துக்கொண்டு வரச் சொன்னது. ஆளை உள்ளே கொண்டுவரப் பிறந்த தாள் அது. பிறகு அரசனின் நீதிமன்றங்களுக்கும் மற்ற நீதிமன்றங்களுக்கும் இடையே அதிகாரப் போட்டி முற்றியது. ‘நீ பிடித்து வைத்திருக்கும் ஆளை என் முன்னால் நிறுத்து, எதற்காகப் பிடித்தாய் என்றும் சொல்’ என்று ஒரு நீதிமன்றம் இன்னொன்றின் சிறையதிகாரிக்கு எழுத ஆரம்பித்தது. கைதியின் மேல் இரக்கம் வந்து எழுதவில்லை. யார் பெரியவர் என்று காட்ட எழுதியது. அந்த வறட்டுச் சண்டையில்தான் பிற்காலத்தில் கோடிக்கணக்கானவர்களுக்குப் பயன்படப்போகும் கேள்வி உருவானது.

1215-இன் மாக்னா கார்ட்டாவோடு இதை முடிச்சுப் போடுவது வழக்கம். அந்தச் சாசனத்தில் இந்தக் கட்டளையைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. நாட்டின் சட்டப்படியன்றிச் சுதந்திர மனிதன் எவனையும் சிறையிடக் கூடாது என்கிறது அதன் 39-ஆவது பிரிவு. சிறையிட்டுவிட்டால் என்ன செய்வது என்பதற்கு அதில் வழி இல்லை. இரண்டையும் இணைத்துவிட்டவர்கள் நானூறு வருடம் கழித்து வந்த எட்வர்டு கோக் போன்ற சட்ட மேதைகள். வரலாறு என்று பார்த்தால் கொஞ்சம் இழுத்துக் கட்டியதுதான். ஆனாலும் நல்ல காரியம்.

இந்தக் கட்டளையின் உயிர் அதன் முகவரியில் இருக்கிறது. அது கைதிக்கு எழுதப்படுவதில்லை, பிடித்து வைத்திருப்பவருக்கு எழுதப்படுகிறது. பதில் சொல்ல வேண்டியவர் அவர். என்ன அதிகாரத்தில் பிடித்தாய் என்பதற்கு அவரிடம் சட்டப்படியான பதில் இல்லையென்றால் ஆளை விட்டுவிட வேண்டும். கைதி நல்லவரா, புத்திசாலியா, ஊரார் மெச்சும்படி நடந்துகொண்டாரா என்ற விசாரணைக்கே அதில் இடம் இல்லை. எண்ணூறு வருடங்களில் இந்தத் தாளுக்கு நேர்ந்த பெருமைகளும் அவமானங்களும் பெரும்பாலும் இந்த ஒன்றைச் சுற்றித்தான்: கேள்வி சரியான ஆளிடம் கேட்கப்பட்டதா, இல்லை திசை மாறிக் கைதியின் பக்கம் திரும்பியதா?

முதல் பெரிய அவமானம் 1627-இல். முதலாம் சார்லஸ் மன்னர் கட்டாயக் கடன் கேட்டார். மறுத்தவர்களில் நைட் பட்டம் பெற்ற ஐந்து பேர் சிறையிலிருந்து இந்தக் கட்டளையை வாங்கினார்கள். சிறையதிகாரி எழுதி அனுப்பிய பதில்: மன்னரின் தனி ஆணையால் பிடிக்கப்பட்டார்கள். அவ்வளவுதான். குற்றம் என்ன என்று ஒரு வரி இல்லை. நீதிபதிகள் அதைப் பதிலாக ஏற்று ஐவரையும் சிறைக்கே திருப்பி அனுப்பினார்கள். அடுத்த வருடமே நாடாளுமன்றம் சீறி எழுந்து உரிமை மனுவை நிறைவேற்றியது.

1679-இன் ஹேபியஸ் கார்ப்பஸ் சட்டத்தைப் படித்தால், சிறையதிகாரிகளின் தில்லுமுல்லுகளை நன்றாகத் தெரிந்தவர்கள் எழுதியது என்று புரியும். கொள்கை முழக்கம் எதுவும் இல்லை, எல்லாம் கணக்கு. சிறை 20 மைலுக்குள் இருந்தால் மூன்று நாளில் ஆளைக் கொண்டுவர வேண்டும். நூறு மைலுக்குள் என்றால் பத்து நாள். அதற்கும் மேலே என்றால் இருபது நாள். கைதி கேட்டால் ஆறு மணி நேரத்துக்குள் கைது ஆணையின் நகலைக் கொடுக்க வேண்டும். கைதியைக் கொண்டுவரும் செலவாக மைலுக்கு 12 பென்ஸுக்கு மேல் வாங்கக் கூடாது. கட்டளையைப் புறக்கணிக்கும் சிறையதிகாரிக்கு முதல் முறை நூறு பவுண்டு அபராதம், இரண்டாம் முறை இருநூறு பவுண்டும் வேலை நீக்கமும். மனுவை வாங்க மறுக்கும் நீதிபதிக்கு 500 பவுண்டு. கைதியைக் கடல் கடத்தி, இந்தக் கட்டளை எட்டாத தீவுகளில் கொண்டுபோய் வைக்கும் பழக்கத்துக்கும் தடை. அந்தத் தடை ஒன்றே போதும், அதுவரை என்ன நடந்திருக்கிறது என்று தெரிந்துகொள்ள.

இந்தச் சட்டம் மேலவையில் தேறிய விதம் பற்றி பிஷப் பர்னெட் ஒரு கதை எழுதி வைத்திருக்கிறார். வாக்கு எண்ணும்போது கிரே பிரபு ஒரு குண்டுப் பிரபுவைப் பத்துப் பேராக வேடிக்கைக்குச் சொன்னாராம். உடன் எண்ணிய நாரிஸ் பிரபு எங்கோ கவனமாக இருந்துவிட்டதால் அந்தக் கணக்கே நின்றுவிட்டதாம். உண்மையோ பொய்யோ, மனித சுதந்திரம் ஒருவருடைய தொந்தியால் பிழைத்தது என்று நினைப்பதில் எனக்கு ஒரு திருப்தி.

அதற்குப் பிறகு அது சிறைச்சாலையை விட்டு வெளியே வந்தது. 1771-இன் கடைசியில் தேம்ஸ் நதியில் நின்ற ‘ஆன் அண்டு மேரி’ கப்பலின் தலைவர் ஜான் நோல்ஸின் பெயருக்கு ஒரு கட்டளை போனது. கப்பலில் விலங்கிட்டு வைக்கப்பட்டிருந்தவர் ஜேம்ஸ் சோமர்செட், பாஸ்டனிலிருந்து எஜமானரோடு லண்டனுக்கு வந்து தப்பியோடிய அடிமை. மறுபடி பிடித்து ஜமைக்காவில் விற்க ஏற்றியிருந்தார்கள். மனுப் போட்டவர்கள் அவருடைய ஞானப் பெற்றோர். யாருக்காக யார் வேண்டுமானாலும் கேட்கலாம் என்ற பழக்கம் அங்கே உதவியது. 1772 ஜூன் 22 அன்று மான்ஸ்பீல்டு பிரபு அவரை விடுவித்தார். இங்கிலாந்தில் அன்றோடு அடிமைமுறை ஒழிந்தது என்று சொல்வது மிகை. ஓர் ஆளைப் பலவந்தமாகக் கப்பலேற்றி விற்கக் கொண்டுபோக எஜமானருக்கு அங்கே சட்டத்தில் இடமில்லை என்பதே தீர்ப்பு. ஆனால் கேள்வி இப்போது அரசாங்கச் சிறையை விட்டு ஒரு தனி மனிதரிடம் போயிருந்தது.

தனி மனிதரிடம் போன பிறகு வீட்டுக்குள் போக எவ்வளவு நேரம் ஆகும்? 119 வருடம் ஆனது. லங்காஷயரின் கிளித்தரோ என்ற சிற்றூர், 1891 மார்ச் மாதத்து ஒரு ஞாயிறு. தேவாலயத்திலிருந்து வெளியே வந்த எமிலி ஜாக்சனை அவருடைய கணவர் எட்மண்ட் ஜாக்சன், துணைக்கு இரண்டு பேரோடு வந்து இழுத்து வண்டியில் போட்டு பிளாக்பர்னுக்குக் கொண்டுபோனார். மணமான சில நாட்களிலேயே நியூசிலாந்து போய்விட்டுத் திரும்பியவர் அவர். மனைவி சேர்ந்து வாழ மறுத்ததால், தாம்பத்திய உரிமையை மீட்கும் உத்தரவை நீதிமன்றத்தில் வாங்கி வைத்திருந்தார். எமிலியின் குடும்பத்தார் ஆட்கொணர்வுக் கட்டளையைக் கேட்டபோது முதல் நீதிமன்றம் மறுத்தது. கணவனின் பொறுப்பில் மனைவி இருப்பதில் என்ன சட்ட விரோதம்?

மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் ஹால்ஸ்பரி பிரபுவும் மற்ற இருவரும் கேள்வியைக் கணவரின் பக்கம் திருப்பினார்கள். எந்தச் சட்டம் உங்களுக்குப் பூட்டுச் சாவி கொடுத்தது? அவரிடம் இருந்த பதில்: இவள் என் மனைவி, நான் நன்றாகத்தான் வைத்திருக்கிறேன். போதாது என்று சொல்லி எமிலியை விட்டுவிட்டார்கள். நல்ல சாப்பாடு போட்டேன், அன்பாக நடத்தினேன் என்பது இந்தத் தாளுக்குப் பதிலே ஆகாது என்று அன்றுதான் தெளிவானது. திருமணம் என்ற ஏற்பாடே இங்கிலாந்தில் செத்துப் போயிற்று என்று பத்திரிகைகளில் புலம்பியவர்கள் உண்டு.

இந்தியாவுக்கு இது கும்பினிக் காலத்திலேயே வந்துவிட்டது. வந்ததும் அடி வாங்கியது. 1828-இல் பம்பாய் உச்ச நீதிமன்றம், புனேயில் உறவினர் ஒருவரின் பிடியில் இருந்த மோரோ ரகுநாத் என்ற சிறுவனைக் கொண்டுவரச் சொல்லிக் கட்டளை அனுப்பியது. பம்பாய் எல்லைக்கு வெளியே இந்தியர்கள் மீது உங்கள் கட்டளை செல்லாது, நாங்கள் நிறைவேற்ற மாட்டோம் என்றார் கவர்னர் ஜான் மால்கம். அந்த ஆகஸ்டிலும் அக்டோபரிலும் மூன்று நீதிபதிகளில் இருவர் அடுத்தடுத்து இறந்துபோனார்கள். தனியாக மிஞ்சிய ஜான் பீட்டர் கிராண்ட், 1829 ஏப்ரல் 1 அன்று நீதிமன்றத்தையே இழுத்து மூடினார். கட்டளைக்கு மதிப்பில்லாத இடத்தில் நீதிமன்றம் எதற்கு என்பது அவர் கட்சி. லண்டனில் பிரிவி கவுன்சில் அரசாங்கத்தின் பக்கமே நின்றது. ஊரில் பிறந்தவர்களுக்கு இந்த மருந்து அளந்துதான் கிடைக்கும் என்று அன்றைக்கே சொல்லிவிட்டார்கள்.

சென்னைக்கும் அதே பாடம் பின்னால் வந்தது. திருவாங்கூர் நேஷனல் அண்ட் குயிலான் வங்கி மூழ்கியபோது, 1938-இல் அதன் தலைவர்களான மாம்மன் மாப்பிள்ளையையும் சி.பி. மாத்தனையும் சென்னையில் பிடித்துத் திருவாங்கூர் சமஸ்தானத்திடம் ஒப்படைக்கும் விவகாரம் உயர் நீதிமன்றத்துக்குப் போனது. இங்கிலாந்தின் பழைய பொதுச்சட்டத்து ஆட்கொணர்வுக் கட்டளையை அனுப்பும் அதிகாரம் எங்களுக்கு இல்லை, குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 491-ஆவது பிரிவு கொடுத்த அளவுக்குத்தான் கைநீட்ட முடியும் என்றது முழு அமர்வு. 1939-இல் பிரிவி கவுன்சிலும் அதை ஆமோதித்தது.

பக்கத்துத் தீவில் அதற்குச் சற்று முன்பு வேறு மாதிரி நடந்தது. ஆஸ்திரேலியாவிலிருந்து தேயிலைத் தொழில் பழக இலங்கைக்கு வந்த மார்க் பிரேஸ்கர்டில் என்ற வெள்ளைக்கார இளைஞர், மடுல்கெலைத் தோட்டத்தில் தமிழ்த் தொழிலாளர்கள் படும் பாட்டைப் பார்த்து லங்கா சமசமாஜக் கட்சியில் சேர்ந்துவிட்டார். துரை ஒருவரே மேடையேறித் துரைமாரைத் திட்டினால் தோட்டம் என்ன ஆகும்? 1937 ஏப்ரலில் கவர்னர் ஸ்டப்ஸ் அவரை நாடு கடத்த உத்தரவிட்டார். தலைமறைவானார், கட்சிக் கூட்டத்தில் திடீரென்று தோன்றினார், பிடிபட்டார். ஆட்கொணர்வு மனு உச்ச நீதிமன்றத்துக்குப் போயிற்று. நெருக்கடி நிலை இல்லாதபோது, நெருக்கடிக்கென்று வைத்திருக்கும் அதிகாரத்தை எடுத்து ஓர் ஆளை வெளியேற்றக் கவர்னருக்கு உரிமை இல்லை என்று மே 18 அன்று தலைமை நீதிபதி சிட்னி ஏப்ரகாம்ஸ் விடுதலை செய்தார். காலனி கவர்னரிடம் பதில் கேட்டு, பதில் சரியில்லை என்று சொன்ன தீர்ப்பு. அதே தீவில், 2009 மே மாதம் முல்லைத்தீவில் படையினரிடம் சரணடைந்தவர்களைத் தேடி அவர்களின் குடும்பத்தார் வவுனியாவில் போட்ட ஆட்கொணர்வு மனுக்கள் பல வருடம் இழுபட்டன. சரணடைந்தவர்களைக் கண்டவர்கள் இருந்தார்கள். ஆட்கள் வரவில்லை.

ஆள் வராத கதை நம் பக்கத்திலும் உண்டு. 1976 மார்ச் 1 அன்று கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவர் ராஜனைப் போலீஸ் பிடித்துக்கொண்டு போனது. நெருக்கடிநிலைக் காலம். தந்தை ஈச்சர வாரியர் தட்டாத கதவில்லை. நீதிமன்றக் கதவைத் தட்டவும் வழியில்லாமல் போனது, ஏனென்றால் அந்த ஏப்ரல் 28-இல் உச்ச நீதிமன்றம் ஜபல்பூர் வழக்கில் தீர்ப்பு சொல்லிவிட்டது. மிசா என்ற தடுப்புக்காவல் சட்டத்தில் உள்ளே போனவர்களுக்காக ஒன்பது உயர் நீதிமன்றங்கள் மனுக்களை ஏற்றிருந்தன. அதையெல்லாம் தள்ளி, நெருக்கடிநிலை இருக்கும்வரை யாரும் இந்தக் கேள்வியைக் கேட்கவே முடியாது என்று ஐவரில் நால்வர் சொன்னார்கள். மறுத்தவர் எச்.ஆர். கன்னா ஒருவர்தான். ஒரு போலீஸ்காரர் சொந்தப் பகையில் ஒருவரைக் கொன்றால்கூடப் பரிகாரம் இல்லையா என்று விசாரணையின்போது அவர் கேட்டார். நெருக்கடிநிலை உள்ளவரை இல்லை என்றார் அட்டர்னி ஜெனரல் நிரேன் டே. அடுத்த ஜனவரியில் கன்னாவுக்கு வரவேண்டிய தலைமை நீதிபதி பதவி இளையவரான பெக்குக்குப் போனது.

தேர்தலில் மத்திய ஆட்சி மாறியதும், 1977 மார்ச் 25 அன்று வாரியர் கேரள உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டார். ராஜனைப் பிடிக்கவே இல்லை என்றது அரசு. நீதிபதிகள் நம்பவில்லை. ஏப்ரல் 21-க்குள் கொண்டு வா என்றார்கள். கொண்டுவர ஆள் இல்லை. கக்கயம் முகாமில் மகன் செத்துப்போனான் என்று தந்தைக்கு உறுதியானது அந்த மனுவுக்குப் பிறகுதான். உடல் இன்றுவரை கிடைக்கவில்லை. ஏப்ரல் 25 அன்று முதல்வர் கருணாகரன் பதவி விலகினார். 1978-இல் 44-ஆவது திருத்தம், நெருக்கடிநிலையிலும் உயிருக்கும் சுதந்திரத்துக்குமான 21-ஆவது பிரிவின் கதவை அடைக்க முடியாதபடி செய்தது. ஜபல்பூர் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் தானே தவறு என்று சொல்ல 2017 ஆனது.

இதையெல்லாம் கடந்து, சென்னை உயர் நீதிமன்றத்திலும் மதுரைக் கிளையிலும் வழக்கறிஞர்கள் இன்று ‘எச்.சி.பி.’ என்று செல்லமாகக் கூப்பிடும் மனு இரண்டு வகையாகத்தான் அதிகம் வருகிறது. ஒன்று குண்டாஸ். 1982-இன் 14-ஆவது சட்டப்படி கலெக்டரோ கமிஷனரோ கையெழுத்துப் போட்டால் விசாரணையின்றி ஒரு வருடம் வரை உள்ளே வைக்கலாம். சாராயம் காய்ச்சுபவருக்கும் ரவுடிக்கும் என்று வந்த சட்டத்தில் பிறகு திருட்டு விசிடிக்காரரும் சேர்ந்தார். இந்த வகையில் மனு ஜெயிப்பது பெரிய தத்துவத்தால் அல்ல. கொடுத்த நகல் படிக்க முடியாமல் மங்கலாக இருந்தது, ஆங்கில ஆவணத்துக்குத் தமிழ் மொழிபெயர்ப்பு தரவில்லை, கைதி அனுப்பிய முறையீட்டைப் பரிசீலிக்கத் தாமதம் செய்தார்கள், இப்படிப்பட்ட ஓட்டைகளால் ஆணை உடைகிறது. சில்லறைக் காரணம் என்று முகம் சுளிப்பவர்களுக்கு 1679-இன் ஆறு மணி நேரக் கணக்கை ஞாபகப்படுத்தலாம். ஆனால் மனு விசாரணைக்கு வருவதற்குள் அந்த ஒரு வருடத்தில் பெரும்பகுதி பலருக்குக் கழிந்துவிடுகிறது. மூன்று நாள், பத்து நாள் என்று எழுதியவர்கள் இதைப் பார்த்தால் என்ன சொல்வார்களோ.

இன்னொரு வகை ‘பெண்ணைக் காணோம்’. மனுப் போடுபவர் தகப்பன், எதிர்த்தரப்பு போலீஸும் ஒரு பையனும். உண்மையாகவே கடத்தப்பட்ட பெண்களும் ஏமாற்றப்பட்ட சிறுமிகளும் இந்த மனுவால் வீடு திரும்பியிருக்கிறார்கள், அதை மறுக்க முடியாது. ஆனால் பெண் மேஜராக இருக்கும் வழக்குகளில், பள்ளிச் சான்றிதழைப் பார்த்து வயது பதினெட்டைத் தாண்டியது உறுதியானதும் விஷயம் முடிந்துவிட வேண்டும். விருப்பப்படிதான் இருக்கிறாயா? ஆம். போகலாம். நடப்பில் அதோடு நிற்பதில்லை. அப்பா அழுகிறாரே பார்த்தாயா, படிப்பு என்ன ஆவது, பையன் என்ன சம்பாதிக்கிறான், நாலு நாள் காப்பகத்தில் இருந்து யோசித்துச் சொல்லேன். பூட்டியவரிடம் கேட்க வேண்டிய கேள்வி ஓடிப்போனவளைக் குடையத் தொடங்கிவிடுகிறது. குற்றம் எதுவும் செய்யாத ஒரு மேஜர், தன்னை விடுவிக்க வேண்டிய மனுவாலேயே ஒரு விடுதியில் அடைக்கப்படுகிறார்.

இதன் உச்சம் கேரளத்தில் நடந்தது. சேலத்தில் ஹோமியோபதி படித்த 24 வயதுப் பெண் மதம் மாறினார், பிறகு மணம் செய்துகொண்டார். தந்தையின் முதல் ஆட்கொணர்வு மனுவை, பெண் மேஜர் என்று சொல்லி 2016-இல் முடித்துவைத்த அதே உயர் நீதிமன்றம், இரண்டாவது மனுவில் 2017 மே மாதம் அவர் திருமணத்தையே செல்லாதென்று அறிவித்துப் பெற்றோர் வீட்டுக்கு அனுப்பியது. ஆளை விடுவிக்கும் கட்டளைக்குக் கல்யாணத்தை ரத்து செய்யும் அதிகாரம் எங்கிருந்து வந்தது? அந்த வருடம் நவம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றத்தில் நேரில் நின்று, தனக்கு வேண்டியது சுதந்திரம் என்று அவர் சொன்னார். படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பினார்கள். 2018 மார்ச் 8 அன்று திருமணம் செல்லும் என்றார்கள். அந்த வருட ஜனவரியிலேயே, குவைத்தில் தந்தையோடு இருக்க விரும்பிய ஒரு மேஜர் மகளைத் தாய் கேட்ட வழக்கில், நீதிமன்றம் தாய்தந்தையருக்கும் மேலான காப்பாளராக வேஷம் கட்ட முடியாது என்று அதே உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது.

கேள்வியைச் சரியாகக் கேட்டாலும் போதாத இடமும் உண்டு. தருமபுரியில் சாதி மறுத்து மணந்த ஓர் இணை. பெண்ணின் தந்தை தற்கொலை செய்துகொண்டார், 2012 நவம்பர் 7 அன்று மூன்று தலித் காலனிகள் எரிக்கப்பட்டன. பெண்ணின் தாய் போட்ட ஆட்கொணர்வு மனுவில் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த அந்தப் பெண், தாயோடு இருப்பதாகச் சொன்னார். நீதிமன்றத்துக்கு வேறு வழி இருந்ததா? மேஜர் சொன்னது சொன்னதுதான். 2013 ஜூலை 4 அன்று அந்த இளைஞர் ரயில் தண்டவாளத்தின் அருகே பிணமாகக் கிடந்தார். பூட்டு இல்லாமல் ஒருவரைப் பிடித்து வைக்க ஓர் ஊரால் முடியும். அதை இந்தத் தாளில் எந்த முகவரிக்கு எழுதி அனுப்புவது?

2024 மார்ச்சில், கேரளத்திலிருந்து வந்த தேவு ஜி. நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் கொஞ்சம் நெருங்கி வந்தது. பெண்ணோடு பெண் வாழ விரும்பிய வழக்கு அது. அடைத்து வைக்கப்பட்டவரைத் தனி அறையில், பெற்றோரின் கண் படாத இடத்தில் நீதிபதி சந்திக்க வேண்டும், மனத்தை மாற்றுவதற்காக ஆலோசனைக்கு அனுப்பக் கூடாது, மனுதாரருக்கும் அவருக்கும் என்ன உறவு என்று துருவக் கூடாது என்று உயர் நீதிமன்றங்களுக்கு வழிமுறை எழுதிக் கொடுத்தது. பக்கத்தில் நிற்பவரின் மூச்சும் ஒரு பூட்டாகலாம் என்று ஒத்துக்கொண்ட வழிமுறை.

2025 மே மாதம் வேலூர் பக்கத்திலிருந்து சென்னைக்கு அப்படி ஒரு மனு வந்தது. பெற்றோர் வீட்டில் வைக்கப்பட்டிருந்தது 25 வயதுப் பெண். மனுப் போட்டது அவருடைய தோழி. நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதனும் வி. லட்சுமிநாராயணனும் அந்தப் பெண்ணிடம் பேசினார்கள். தோழியோடு போகிறேன் என்றார். மகளைக் கெடுத்துவிட்டார்கள் என்று தாய் முறையிட்டார். அவர் மனநிலை புரிகிறது, எல்லாத் தாயும் லீலா சேத் ஆகிவிட முடியாது என்று, ஒருபாலீர்ப்பு கொண்ட மகனை ஏற்றுக்கொண்ட அந்த நீதிபதியின் பெயரைத் தீர்ப்பில் குறிப்பிட்டார்கள். முன்பு அந்தப் பெண்ணைப் பெற்றோரோடு அனுப்பிவைத்த போலீஸைக் கண்டித்தார்கள். குடும்பத்தார் குறுக்கே வரக் கூடாது, கேட்டபோது போலீஸ் பாதுகாப்பு தர வேண்டும் என்று எழுதிக் கையெழுத்திட்டார்கள். ஏன் தோழியோடு போகிறாய் என்று அவரை அங்கே யாரும் குடையவில்லை.